வெட்டக் கூடாது என்று எழுதிக் கொடுத்தேன்

மார்ச் 3, செவ்வாய்

காலையில் ஒரு குத்தகைப் பத்திரத்தின் மூன்றாவது வரைவு. கட்சிக்காரர் மூன்றாவது முறையாகத் தம் எண்ணத்தை மாற்றிக்கொண்டார். அதற்கு நான் கோபப்படவில்லை. அது என் தொழில். கோபம் வந்தது பிற்பகலில், தங்கையின் கோழிப் பண்ணையில்.

சென்ற வாரம் இரண்டு மணி நேரம் மின்சாரம் நின்றது. நாற்புறமும் அடைத்த கொட்டகை. விசிறி நின்றதும் காற்றும் நின்றது. தொள்ளாயிரத்துப் பதினேழு கோழிகள். தங்கை தனி ஆளாக அத்தனையையும் புதைத்திருக்கிறாள். மாப்பிள்ளை தீவன லாரியோடு விடியற்காலையில் கிளம்பினால் மாலையில்தான் திரும்புகிறார். பகல் முழுவதும் பண்ணையில் அவள் ஒருத்திதான்.

ஆகவே ஜெனரேட்டர் வாங்கியாயிற்று. தனக்கென்று இன்ஜின் இல்லாத வகை. டிராக்டரின் பின்புறம் சுழலும் முனையையும் ஜெனரேட்டரையும் ஓர் இரும்புத் தண்டால் இணைத்தால் ஓடும். அந்தத் தண்டுக்குப் பெயர் பி.டி.ஓ. ஷாஃப்ட். அதை இனிமேல்தான் வாங்க வேண்டும்.

"எதுக்கு வாங்கணும் மச்சான்? ரோட்டவேட்டர் ஷாஃப்ட்டு சும்மாதானே கிடக்கு" என்று சொல்லி மாப்பிள்ளை, மண்ணைக் கிளறும் ரோட்டவேட்டருக்கு மாட்டுகிற அந்தத் தண்டை இழுத்துவந்து என் காலருகே போட்டார். மேலே இருக்கவேண்டிய பிளாஸ்டிக் உறை இல்லை. வெறும் இரும்பு. உறை எங்கே என்று கேட்டேன்.

"கிரீஸ் அடிக்க இடைஞ்சலா இருந்துச்சு. கழட்டிட்டேன்."

எப்போது?

"வாங்கின அன்னைக்கே."

வாங்கின அன்றைக்கே!

மார்ச் 4, புதன்

கணக்கிட்டுப் பார்த்தேன். நிமிடத்திற்கு ஐந்நூற்று நாற்பது சுற்று. வினாடிக்கு ஒன்பது. ஒருவர் "ஐயோ" என்று வாய் திறப்பதற்குள் அந்தத் தண்டு துணியை ஒன்பது சுற்றுச் சுருட்டிவிடும்.

எனக்கு இது தெரியும் என்பதற்குக் காரணம் உண்டு. அந்தக் காரணத்தை நான் யாரிடமும் சொல்வதில்லை. பதினோரு ஆண்டுகளுக்கு முன் கதிரடிக்கும் இயந்திரத்தில் கையை இழந்த ஒருவர் தொடர்ந்த வழக்கில் வாதாடினேன். அவருக்காக அல்ல, இயந்திரத்தின் உரிமையாளருக்காக. "தொளதொளத்த சட்டையணிந்து இயந்திரத்தை நெருங்கியது மனுதாரரின் சொந்தக் கவனக்குறைவு" என்று எழுதினேன். வென்றேன்.

தங்கை வேலை செய்யும்போது மாப்பிள்ளையின் பழைய முழுக்கைச் சட்டையை மேலே மாட்டிக்கொள்கிறாள். மணிக்கட்டில் பொத்தான் இல்லை.

மார்ச் 8, ஞாயிறு

பண்ணையில் இரண்டு மணி நேரம் விவாதம். விவாதம் என்பது மரியாதைக்காக எழுதுவது.

நான் சொன்னது: உறையில்லாத தண்டை ஏற்க முடியாது, புதியது வாங்குவோம், தேர்வை என்னிடம் விடுங்கள். அவர் சொன்னது: "நீங்க சட்டம் படிச்சவரு. நான் டிராக்டர் படிச்சவன். இருபது வருஷமா என் கை ரெண்டும் இருக்கா இல்லையா, எண்ணிக்குங்க." இரண்டு கைகளையும் என் மூக்குக்கு நேரே விரித்துக் காட்டினார்.

இது ஒரு சான்றா? விபத்து நேராதவரைக்கும் நேரவில்லை என்பது ஒரு வாதமா?

தங்கை தேநீரை வைத்துவிட்டு, "நீங்க ரெண்டு பேரும் ஷாஃப்ட்டுக்காக அடிச்சுக்குங்க. நான் போய்க் கோழிக்குத் தண்ணி வைக்கிறேன்" என்றாள். மாப்பிள்ளை சிரித்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

மார்ச் 10, செவ்வாய்

இரும்பு அளவுநாடாவோடு சென்றேன். ஜெனரேட்டர் சிமெண்டு மேடையில் நிலையாகப் பதிக்கப்பட்டிருக்கிறது. டிராக்டரைப் பின்னால் எடுத்து வந்து மேடைக்கு முன் நிறுத்தினால் முனைக்கு முனை தொண்ணூற்றிரண்டு சென்டிமீட்டர். மூன்று முறை அளந்தேன்.

மின்வாரிய இணைப்பிலிருந்து ஜெனரேட்டருக்கு மாற்றும் பெரிய சுவிட்ச் எதிர்ச்சுவரில் இருக்கிறது. ஜெனரேட்டர் வேகம் பிடித்த பிறகுதான் அதைப் போட வேண்டும். அதாவது தண்டு சுழன்றுகொண்டிருக்கும்போது அதைத் தாண்டிக் கால் வைக்க வேண்டும், அல்லது கொட்டகையைச் சுற்றிக்கொண்டு போக வேண்டும். சுவிட்சை இடம் மாற்றச் சொன்னேன். "சுத்திப் போனா நாப்பது அடி மச்சான். நாப்பது அடி நடந்தா கால் தேஞ்சிடுமா?" என்றார். நடக்க வேண்டியவர்கள் நடப்பார்களா என்பதல்லவா கேள்வி! இப்படிப்பட்டவருக்குத்தான் என் தங்கையைக் கட்டிக்கொடுத்தோம்.

மார்ச் 14, சனி

கடை. உள்ளே வரிசையாகத் தொங்கும் ஷாஃப்ட்டுகள், மஞ்சள் உறை, கறுப்பு உறை. கடைக்காரர் கைகளைத் துணியில் துடைத்துக்கொண்டே டிராக்டர் எத்தனை குதிரைத்திறன், ஜெனரேட்டர் எத்தனை கே.வி.ஏ., டிராக்டர் முனையில் எத்தனை பல் என்று கேட்டார். எல்லாம் தட்டச்சு செய்து கொண்டுபோயிருந்தேன். ஆறு பல் என்பது வரை.

அவர் ஒன்றை எடுத்துக் காட்டினார். அதைவிட இரண்டு படி உறுதியானதைக் கேட்டேன்.

"சார், அது கல்லு உடைக்கிற மெஷினுக்குப் போடறது. ஜெனரேட்டர் ஒரே சீராத்தானே ஓடும், குலுக்கல் கிடையாது. இதுவே தாராளம்."

எதிர்பாராதவற்றுக்கு இடம் வைப்பது என் பழக்கம் என்றேன். தோளைக் குலுக்கிவிட்டுப் பெரியதைக் கீழே இறக்கினார். இறக்க அவருக்கு இன்னோர் ஆள் தேவைப்பட்டது. பார்த்தேன், அப்போது ஒன்றும் தோன்றவில்லை.

பிறகு, "நீளம் கூடுதலாத்தான் வரும் சார். அங்க வெச்சு அளவு பாத்து வெட்டிக்குங்க" என்றார். உத்தரவாத அட்டையை எடுத்து அவர் முன்னாலேயே படித்தேன்: "கையேட்டில் கூறப்படாத எவ்வித மாற்றமும் இவ்வுத்தரவாதத்தை இழக்கச் செய்யும்." வெட்டச் சொல்கிறீர்களா என்று கேட்டேன்.

"அதெல்லாம் சும்மா அச்சடிச்சு வெச்சிருக்கிறது சார்."

முப்பது ஆண்டுகளாக இந்த ஒரு வாக்கியத்தோடு மல்லுக்கட்டிக்கொண்டிருக்கிறேன். கையெழுத்துப் போட்டுவிட்டு அழுதுகொண்டு வருகிற ஒவ்வொருவரும் இதைத்தான் சொல்கிறார்கள். சும்மா அச்சடிச்சது! அட்டையையும், காகித உறை பிரிக்காத கையேட்டையும் அப்படியே அலுவலகக் கோப்பில் வைத்துப் பூட்டினேன்.

மார்ச் 15, ஞாயிறு

நான் பண்ணையை அடைந்தபோது மாப்பிள்ளை இரும்பு அறுக்கும் ஹேக்ஸாவும் கையுமாகத் தயாராக இருந்தார். சாக்பீஸால் கோடுகூடப் போட்டுவிட்டார்.

ஷாஃப்ட் ஒன்றுக்குள் ஒன்று நுழையும் இரண்டு குழாய்களால் ஆனது. முழுக்க உள்ளே தள்ளினாலும் நூற்றொரு சென்டிமீட்டர். இடைவெளியோ தொண்ணூற்றிரண்டு. "வெட்டித்தான் போடணும். எல்லாரும் அப்படித்தான் போடறாங்க" என்றார். எல்லாரும் உறையையும்தான் கழற்றுகிறார்கள் என்றேன். முகம் சிவந்தது. "நீங்க என்னைய என்னதான் நினைச்சிட்டிருக்கீங்க?" என்று கேட்டார். நான் நினைப்பதைச் சொல்லவில்லை. சொல்லாமல் இருந்ததை அவர் கேட்டுவிட்டார் என்றே நினைக்கிறேன்.

ஒரு தாளில் "இந்தத் தண்டை எக்காரணம் கொண்டும் வெட்டக் கூடாது" என்று எழுதி, தேதியிட்டு, இருவரும் கையொப்பமிட்டோம். ஆம், கையொப்பம் வாங்கினேன். என் தங்கையின் கணவரிடம்.

ஒன்பது சென்டிமீட்டருக்கு வழி? டிராக்டரைச் சற்று முன்னால் நிறுத்தினால் போதும். ஆனால் அப்படி நிறுத்தினால் பின்சக்கரங்கள் வாசலின் குறுக்கே ஓடும் வடிகாலில் இறங்குகின்றன. பலகைகளைப் போட்டு அதன்மேல் டிராக்டரை ஏற்றினோம். அவர் ஒரு முனையைத் தூக்க, நான் மறுமுனையைத் தூக்க, மூன்றாவது முயற்சியில் தண்டைக் கழலாமல் பிடிக்கும் பூட்டு முள் விழுந்தது. உறை முழுமையாக இருக்கிறது. உறை சுழலாதபடி பிடிக்கும் சங்கிலியும் மாட்டியாயிற்று. இருபது நிமிடம் ஓட்டினோம். நான் சொன்னபடியே எல்லாம்.

திரும்பும் வழியெல்லாம் மனத்தில் அந்த ஹேக்ஸாதான்.

மார்ச் 22, ஞாயிறு

மின்தடை இல்லை. மாப்பிள்ளையோடு பேச்சும் இல்லை.

ஏப்ரல் 5, ஞாயிறு

தங்கை தொலைபேசியில்: "அண்ணா, அது ரொம்ப கனமா இருக்கு." கனமாக இருப்பது உறுதிக்காகத்தான் என்று விளக்கினேன். "ம்... சரி" என்றாள். பிறகு என் இரத்த அழுத்த மாத்திரையைப் பற்றிக் கேட்டாள்.

ஏப்ரல் 9, வியாழன்

மாப்பிள்ளை கூப்பிட்டார். அவர் என்னைக் கூப்பிடுவதே இல்லை. மணி அடித்தபோதே தெரிந்துவிட்டது. ஆஸ்பத்திரி. தங்கை. அந்தப் பழைய ஷாஃப்ட் — சொன்னேனே! படிச்சுப் படிச்சுச் சொன்னேனே! ஏன் அதைத் தூக்கி எறியலை? ஏன் அது இன்னும் அங்க கிடந்துச்சு? கை இருக்கிறது. கை இருக்கிறது. இதற்குமேல் இன்று எழுத முடியாது.

ஏப்ரல் 10, வெள்ளி

நடந்ததை வரிசைப்படி எழுதுகிறேன். 

நேற்று ஒன்றரை மணிக்கு மின்சாரம் நின்றது. மாப்பிள்ளை லாரியில், வெகு தூரத்தில். தங்கை பலகைகளைப் போட்டு, டிராக்டரை ஏற்றினாள். ஷாஃப்ட்டைத் தூக்கினாள். ஒரு முனையை மாட்டினால் மறுமுனை நழுவியது. பிடிக்க ஆளில்லை. டிராக்டரை நகர்த்திப் பார்த்தாள், பலகை சரிந்தது. கால் மணி நேரம் போயிற்று. உள்ளே கோழிகள் வாயைப் பிளந்து நிற்கத் தொடங்கின. மூலையில் பழைய ரோட்டவேட்டர் ஷாஃப்ட் கிடந்தது. நீளம் குறைவு, இலேசானது. டிராக்டரை மேடையை ஒட்டி நிறுத்தி ஒரே நிமிடத்தில் மாட்டிவிட்டாள்.

டிராக்டரைக் கிளப்பினாள். ஜெனரேட்டர் வேகம் பிடித்தது. நாற்பது அடி சுற்றிப் போகவில்லை. தாண்டினாள். சட்டைக் கை.

நைந்துபோன துணி என்பதால் கிழிந்தது. அவ்வளவுதான் வித்தியாசம். முதலில் தோளை இழுத்து, மூட்டை நழுவச் செய்து, முழங்கைக்குக் கீழே தோலை உரித்துக்கொண்டு, பிறகு சட்டை முழுவதையும் உடம்பிலிருந்து பிடுங்கிக்கொண்டு விட்டது. அவள் மறுபுறம் போய் விழுந்தாள். எழுந்து, இடது கையால் சுவிட்சைப் போட்டாள்.

"சுவிட்சைப் போட்டுட்டுத்தான் உக்காந்தேன் அண்ணா. எல்லாம் செத்திருக்குமே."

ஒரு கோழிகூடச் சாகவில்லை. இதை எழுதும்போது ஏன் எனக்கு அந்தக் கோழிகளின் மேலும் கோபம் வருகிறது?

ஆஸ்பத்திரி நடைபாதையில் மாப்பிள்ளையிடம் சொல்லவேண்டியதைச் சொன்னேன். உங்கள் ஷாஃப்ட், நீங்கள் கழற்றிய உறை, நீங்கள் மாற்ற மறுத்த சுவிட்ச் என்று. அவர் குரலை உயர்த்தவில்லை. அதுதான் தாங்க முடியாததாக இருந்தது.

"உங்க ஷாஃப்ட்டு மாட்ட வந்திருந்தா, அவ ஏன் மச்சான் இதைத் தொடப்போறா?"

உறையைப் பற்றி வாய் திறந்தீரா என்று கத்தினேன். செவிலியர் வந்து இருவரையும் வெளியே போகச் சொன்னார். படிக்கட்டில், ஆளுக்கொரு பக்கம், ஒன்றரை மணி நேரம் நின்றோம். சட்டை தொளதொளவென்று இருந்ததே என்று ஒரு கணம் எனக்குத் தோன்றியது. அந்த எண்ணம் யாருடையது என்று எனக்குத் தெரியும். எதிர்த்தரப்பு வழக்கறிஞருடையது.

ஏப்ரல் 11, சனி

கடைக்காரருக்கு நோட்டீசு அனுப்புவதென்று உட்கார்ந்தேன். ஒரு பெண் தனியாக மாட்ட இயலாத பொருளை, எச்சரிக்கையின்றி விற்றமைக்காக. முதல் பத்தி நன்றாக வந்தது. கோபத்தில் எனக்கு நல்ல நடை வரும். இரண்டாம் பத்தியில் கையேட்டின் பக்க எண்ணைக் குறிப்பிட வேண்டியிருந்தது. கோப்பிலிருந்து எடுத்துக் காகித உறையைப் பிரித்தேன்.

பதினான்காம் பக்கம். "முதல் பயன்பாட்டிற்கு முன் தண்டின் நீளத்தை உங்கள் டிராக்டருக்கு ஏற்பச் சரிசெய்யவும். உட்குழாய், வெளிக்குழாய், உறைகள் அனைத்தையும் ஒரே அளவில் வெட்டவும்." கீழே படம். படத்தில் ஒரு கை. கையில் ஹேக்ஸா.

அடுத்த பக்கத்தில் ஒவ்வொரு வகையின் எடையும் அது எந்த வேலைக்கு உரியது என்பதும். ஜெனரேட்டர் என்னும் சொல்லுக்கு நேரே கடைக்காரர் முதலில் எடுத்துக் காட்டியதன் எண்.

"கையேட்டில் கூறப்படாத எவ்வித மாற்றமும்." கையேட்டில் கூறப்படாத! ஓர் ஆவணம் இன்னோர் ஆவணத்தைச் சுட்டினால் சுட்டப்பட்டதையும் படி என்பது சட்டக் கல்லூரியின் முதல் ஆண்டில், முதல் மாதத்தில் சொல்லித்தருவது. நான் பாதி வாக்கியத்தைப் படித்தேன். பாதி வாக்கியத்தை வைத்துக்கொண்டு ஒரு மனிதனை அவன் வாசலிலேயே கையொப்பமிட வைத்தேன். ஏன் மீதியைப் படிக்கவில்லை? அவர் சொன்னதாலா? உறையைக் கழற்றுகிறவர் வெட்டச் சொன்னால் அது தவறாகத்தான் இருக்கும் என்று — அடச்சே. முட்டாள். படிச்ச முட்டாள்.

நோட்டீசைக் கிழிக்கவில்லை. கோப்பில் வைத்தேன். இருக்கட்டும்.

ஏப்ரல் 12, ஞாயிறு

தங்கை வீட்டுக்கு வந்துவிட்டாள். கட்டிலுக்கு அருகில் நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு பதினான்காம் பக்கத்தைப் படித்துக் காட்டினேன். மாப்பிள்ளை வாசற்படியில் நின்று கேட்டுக்கொண்டிருந்தார். வெட்டுவது பற்றி நீங்கள் சொன்னது சரி, நான் சொன்னது தவறு என்று அவரைப் பார்த்துச் சொன்னேன். "ம்" என்றார். ஒரு "ம்". உறையைப் பற்றி ஒரு சொல் வருமா என்று காத்திருந்தேன். வரவில்லை. கோபத்தில் கையேட்டின் முனை என் விரலுக்குள் மடங்கிப்போனது.

தங்கைதான் பேசினாள். அவள் இப்படிப் பேசி நான் கேட்டதில்லை.

"இப்ப என்ன, யாரு ஜெயிச்சீங்கன்னு பாக்கறீங்களா? இவரு அவருக்கு வாகா இருக்கறதைக் கொண்டாந்து போட்டாரு. நீங்க உங்களுக்குத் தூக்கம் வர்றதுக்கு ஒண்ணை வாங்குனீங்க. தினம் அங்க நிக்கறது யாரு? தூக்கறது யாரு? 'உன்னால தூக்க முடியுதாம்மா'ன்னு ஒருத்தராவது ஒரு வார்த்தை கேட்டீங்களா? கனமா இருக்குன்னு சொன்னேன் அண்ணா. நீங்க எனக்குப் பாடம் எடுத்தீங்க."

 மாப்பிள்ளை போய்த் தண்ணீர் கொண்டுவந்தார். அவளுக்கு மட்டும்.

முதல் நாள் முதல் அவள் அங்கேயே இருந்தாள். தேநீர் கொண்டுவந்தாள்.

ஏப்ரல் 19, ஞாயிறு

போனேன். எவரும் என்னை வா என்றோ போ என்றோ சொல்லவில்லை. மாப்பிள்ளை பழைய ஷாஃப்ட்டை இரண்டு துண்டாக அறுத்துப் போட்டிருந்தார். சுவிட்ச் இப்போது டிராக்டர் இருக்கைப் பக்கத்துச் சுவரில். எலெக்ட்ரீஷியனை அழைத்தது யார் என்று கேட்டேன். "நான்தான். ஏன், அதுக்கும் எழுதிக் குடுக்கணுமா?" என்றார்.

ஆக, மாற்றியிருக்க முடியும். ஒரு நாள் வேலை. மார்ச் பத்தாம் தேதியே முடிந்திருக்கும். இதை நான் மன்னிப்பதாக இல்லை. அவரும் அந்தக் கையொப்பத்தை மன்னிப்பதாகத் தெரியவில்லை. இருக்கட்டும், கணக்கு நேர்.

மே 3, ஞாயிறு

கடை. வலது கை தூளியில் தொங்க, தங்கை முன்னால். நாங்கள் இருவரும் பின்னால்.

கடைக்காரர் பழக்கத்தில் என்னைப் பார்த்து, "சொல்லுங்க சார்" என்றார். நான் வாயைத் திறந்துவிட்டேன், ஆறு பல் என்று சொல்வதற்காக. "அவங்களைக் கேளுங்க" என்றார் மாப்பிள்ளை. அவர் என்னைவிட ஒரு வினாடி முந்திக்கொண்டதில் எனக்கு எரிச்சல்.

அவள் ஒவ்வொன்றையும் கீழே வைக்கச் சொல்லி இடது கையால் மட்டும் ஒரு முனையைத் தூக்கிப் பார்த்தாள். முதலாவது, வேண்டாம். இரண்டாவது, பூட்டு முள்ளை விரலால் அழுத்திப் பார்த்துவிட்டு, "இது விரலைக் கடிக்குது" என்று தள்ளிவைத்தாள். மூன்றாவதில் முள்ளுக்குப் பதில் இழுத்து விடுகிற வளையம். இழுத்தாள், விட்டாள், மறுபடி இழுத்தாள். உறையைக் கழற்றாமலே கிரீஸ் அடிக்கத் துளை இருக்கிறதா என்று கேட்டாள். இருந்தது. மாப்பிள்ளை குனிந்து அந்தத் துளையை நெடுநேரம் பார்த்தார்.

"கிரீஸுக்குக் கழட்ட வேண்டாமா?"

"வேண்டாம்னு சொல்றாரில்ல" என்றாள், திரும்பாமலே.

பிற்பகலில் பண்ணையில் அவள் கோடு போட்டாள். மாப்பிள்ளை அறுத்தார். நான் குழாயின் மறுமுனையை ஆடாமல் பிடித்துக்கொண்டேன். உட்குழாய், வெளிக்குழாய், இரண்டு உறை. அரத்தால் பிசிறு எடுத்தார். நன்றாக எடுத்தார் என்று சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை.

மே 17, ஞாயிறு

தூளியை அவிழ்த்துவிட்டார்கள். கையைத் தோளுக்குமேல் உயர்த்தும்போது முகத்தைச் சுளிக்கிறாள். மருத்துவர் போகப் போகச் சரியாகும் என்கிறார். எப்போது என்று தேதி கேட்டேன். தங்கை என்னை முறைத்தாள்.

ஜூன் 4, வியாழன்

குத்தகைப் பத்திரம் பதிவாயிற்று. ஐந்தாவது வரைவில்.

மாலை ஏழு மணிக்குத் தங்கையை அழைத்தேன், மனைவி கேட்ட ஏதோ ஒன்றுக்காக. பேச்சினிடையே, "மத்தியானம் கரண்ட் போனப்ப விட்ட வேலை, பாதியில நிக்குது" என்றாள். எப்போது போனது என்றேன்.

"பதினொண்ணே முக்காலுக்குப் போச்சு. நாலேகாலுக்கு வந்துச்சு. ஏன்?"

நாலரை மணி நேரம். நான் அப்போது பதிவு அலுவலகத்தில் மின்விசிறிக்கடியில் உட்கார்ந்திருந்தேன். ஷாஃப்ட்டை மாட்டியது யார் என்று கேட்டேன்.

"வேற யாரு, நான்தான். இவரு சாயங்காலம் வந்துதான் தெரிஞ்சுக்கிட்டாரு."

கேட்பதற்கு என்னிடம் ஏழெட்டுக் கேள்விகள் இருந்தன. கைக்கு வலி வந்ததா, எத்தனை நிமிடம் ஆயிற்று, சங்கிலி மாட்டினாயா. ஒவ்வொன்றும் நியாயமான கேள்வி.

"வேற ஒண்ணும் இல்லையே அண்ணா? கோழிக்குத் தீவனம் வெக்கணும். போனை வெச்சிரட்டா?"

ஒன்றுமில்லை என்றேன். வைத்துவிட்டாள்.